கணக்கில் வராத கனி

ஆனிப் பௌர்ணமியை ஒட்டி நடக்கும் மாங்கனித் திருவிழாவில் காரைக்கால் தெருக்களில் மாம்பழங்கள் மழையாக விழும். பிச்சாண்டவர் வீதியுலா வரும்போது மாடிகளிலிருந்தும் வாசல்களிலிருந்தும் பழங்களை இறைப்பார்கள். கீழே பெண்கள் முந்தானையை ஏந்தி நிற்பார்கள். பழம் கையில் கிடைத்தால் கல்யாணம் கூடும், பிள்ளை பிறக்கும் என்பது நம்பிக்கை. சிறுவயதில் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு நானும் நின்றிருக்கிறேன். ஒரு கல்யாணம் முறியக் காரணமாயிருந்த பழத்தைக் கல்யாணம் கூடுவதற்காக ஏந்துகிறோமே என்று அப்போது தோன்றவில்லை.

கதை எல்லோருக்கும் தெரிந்ததுதான். 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் பெரியபுராணத்தில் சொன்னது. வணிகன் பரமதத்தன் கடையிலிருந்து வீட்டுக்கு இரண்டு மாம்பழங்களை அனுப்புகிறான். பசியோடு வந்த சிவனடியாருக்குச் சோறு தயார், கறி ஆகவில்லை. புனிதவதி ஒரு பழத்தை வைத்துப் பரிமாறுகிறாள். மதியம் கணவன் மற்றதைச் சாப்பிடுகிறான். ருசியாக இருக்கவே இன்னொன்றையும் கேட்கிறான். எடுத்துவரப் போகிறவளைப்போல் உள்ளே போனவள் கலங்கி நின்று இறைவனை நினைக்கிறாள். கையில் ஒரு கனி வருகிறது.

வகுப்பில் இந்தப் பகுதியை நடத்திக்கொண்டிருந்தபோது பின்வரிசைப் பெண் ஒருத்தி கேட்டாள்: “ஏன் மேம், பசிச்சு வந்தவருக்குக் குடுத்துட்டேன்னு சொல்லியிருக்கலாமே?”

பதினைந்து வருடமாகப் பாடம் நடத்துகிறேன். அந்தக் கேள்வி எனக்கு வந்ததில்லை.

சொல்லியிருக்கலாம். ஒரு வாக்கியம்தான். அந்த வாக்கியத்தைச் சொல்வதைவிட அற்புதம் நிகழ்வது எளிதாயிருந்தது என்பதுதான் இந்தக் கதையில் என்னைக் கலங்கடிக்கிறது. இத்தனைக்கும் பரமதத்தன் கொடியவனாகக் காட்டப்படவில்லை. அதட்டவில்லை, அடிக்கவில்லை. பழம் பிடித்திருந்தது, கேட்டான். அப்படியானால் அவளுடைய கலக்கம் அவன் குணத்திலிருந்து வந்ததல்ல. அவன் அனுப்பியவை இரண்டு, வீட்டில் இருக்கவேண்டியவையும் இரண்டு என்கிற கணக்கிலிருந்து வந்தது. தன் கையால் கொடுத்த தானத்துக்கும் அவள் கணக்குச் சொல்லவேண்டியவள். வந்த கனி அந்தக் கணக்கை நேர்செய்தது. அவனுடைய உலகம் ஓர் இம்மியும் அசையாமல் நின்றது.

எங்கள் வீட்டில் அந்தக் கனி கவரிங் வளையலாக இருந்தது. நான் எம்.ஏ. சேர்ந்தபோது அம்மா தன் இரண்டு வளையல்களை அடகுக்கடையில் வைத்துப் பணம் கட்டினாள். ‘பொம்பளப் புள்ளைக்கு இவ்வளவு படிப்பு போதும்’ என்றிருந்த அப்பாவுக்குத் தெரியாது. மறுநாளே அதே மாதிரி கவரிங் வளையல் கைக்கு வந்துவிட்டது. வேர்வையில் கறுத்தால் புதிதாக வாங்கிப் போட்டுக்கொள்வாள். அசல் வளையல் மூழ்கிப்போனது. கவரிங் நீடித்தது. வீடு அமைதியாக இருந்தது, நான் படித்தேன்.

இதைப் பெண்களின் சாமர்த்தியம் என்று மேடைகளில் பெருமையாகச் சொல்லியிருக்கிறேன். இப்போது அவ்வளவு உறுதியில்லை. அந்தச் சாமர்த்தியத்தால் நான் படித்தது உண்மை. பெண் படிக்கக்கூடாது என்கிற அப்பாவின் எண்ணம் ஒருநாளும் எதிர்க்கேள்வியைச் சந்திக்கவில்லை என்பதும் உண்மை. மறைத்துக் காப்பாற்றும்போது நம்மை ஒடுக்குகிற ஒழுங்கையும் சேர்த்தே காப்பாற்றிவிடுகிறோம்.

அப்படியானால் உண்மையைச் சொல்லிவிடுவதுதான் அறமா? கதை அங்கே நிற்கவில்லை. வந்த கனி அளவுக்கு மீறி இனித்தது. இது நான் அனுப்பிய பழமில்லையே என்று பரமதத்தன் கேட்டான். அவள் நடந்ததைச் சொன்னாள். நம்பாமல், அப்படியானால் இன்னொன்று வரவழை என்றான். அதுவும் வந்தது, அவன் கைக்குப் போனதும் மறைந்தது. அவன் பயந்துபோனான். கடல் வாணிகத்துக்கென்று கப்பலேறியவன் பாண்டிநாட்டு நகரொன்றில் வேறொருத்தியை மணந்தான். பிறந்த மகளுக்குப் புனிதவதியின் பெயரையே வைத்தான். உறவினர்கள் அவளை அங்கே அழைத்துப்போனபோது மனைவி மகளோடு அவள் காலில் விழுந்தான். மனைவியாக வைத்துக்கொள்ள முடியாதவளைத் தெய்வமாக்கி விலகினான். உண்மை சொன்னதற்கு அவளுக்குக் கிடைத்தது அதுதான்.

ஆகவே என் மாணவிக்கு, ‘சொல்லியிருக்க வேண்டும்’ என்று நான் பதில் சொல்லவில்லை. சோற்றுக்கும் கூரைக்கும் இன்னொருவரைச் சார்ந்திருப்பவளிடம் உண்மையை மட்டும் கேட்பது நியாயமில்லை. உண்மையின் விலையை ஏற்றிவைத்தவர்களிடம்தான் முதலில் கேட்கவேண்டும்.

அப்பா இறந்து மூன்று வருடமாகிறது. சென்ற ஆனியில் அம்மாவிடம் கேட்டேன்: “வளையல் விஷயம் அப்பாவுக்குத் தெரியுமாம்மா?”

“தெரிஞ்சிருக்கும். அடகுக்கடைக்காரரு அவருக்குப் பழக்கந்தான். ஒருநாளும் கேட்டதில்ல.”

கேட்காமலிருந்தது அன்பா, வசதியா? எனக்குத் தெரியவில்லை. கேட்டிருந்தால் அம்மா பேசவேண்டியிருந்திருக்கும். அவரும் தான் நம்பியதைத் திரும்பிப் பார்த்திருக்கவேண்டும். இருவருமே கவரிங்கைப் பொன்னென்று வைத்துக்கொண்டு இருபது வருடம் வாழ்ந்திருக்கிறார்கள்.

அம்மையார் பாடியவையாக நமக்குக் கிடைத்திருப்பவை 143 பாடல்கள். பதினொன்றாம் திருமுறையில் இருக்கின்றன. அவற்றில் கணவன் இல்லை, மாம்பழமும் இல்லை. தன்னைக் காரைக்கால் பேய் என்றே அவர் சொல்லிக்கொள்கிறார். பழக்கதை பல நூற்றாண்டுகளுக்குப் பின் சேக்கிழாரின் எழுத்தில் நமக்குக் கிடைப்பது. ஊர் கதையைத்தான் கொண்டாடுகிறது.

அம்மாவின் கையில் இன்னமும் அந்தக் கவரிங் வளையல்தான். முதல் சம்பளத்தில் நான் வாங்கிக்கொடுத்த தங்க வளையல்கள் பீரோவில் இருக்கின்றன. இந்த ஆனிக்கு அவற்றைப் போட்டுக்கொள்ளச் சொன்னேன். “இது யாரு வாங்கினதுன்னு கேட்பாங்கடி” என்றாள்.

“கேட்கட்டும்மா” என்றேன்.