"பாராங் இருக்குன்னு சொல்லு!"

செரண்டாவில் எங்கள் தாமானுக்குப் பின்னால் ஒரு திடல் இருக்கிறது. சில வருஷங்களுக்கு முன் ஒரு சனிக்கிழமை, இரவு மணி ஒன்று இருக்கும். நாலைந்து பையன்கள் குடித்துவிட்டு அங்கே ஒரே ரகளை. பாட்டில் உடையும் சத்தம் கேட்டது. வீட்டில் கைக்குழந்தை. நான் 999-க்குப் போன் போட்டேன். பேச ஆரம்பித்ததும் பக்கத்து வீட்டு நண்பர் என் தோளைத் தட்டி, "பாராங் வச்சிருக்கானுங்கன்னு சொல்லு மச்சான், அப்பதான் சீக்கிரம் வருவாங்க" என்றார். நானும் அப்படியே சொன்னேன்.

பத்து நிமிடம்கூட ஆகவில்லை, வண்டி வந்துவிட்டது. இரண்டு பேர் இறங்கினார்கள். ஒருவர் கையில் டார்ச் லைட். இன்னொருவர் கை இடுப்புத் துப்பாக்கி மேல். பையன்கள் சிதறி ஓடினார்கள். "பாராங் எங்கே?" என்று கேட்டார். "இருட்டில் சரியாகத் தெரியவில்லை" என்று மழுப்பினேன். அவர் ஒன்றும் சொல்லவில்லை. வோக்கிடோக்கியில் ஏதோ அழைப்பு வந்தது, கிளம்பிவிட்டார்கள். நாங்கள் சிரித்துக்கொண்டே படுக்கப் போனோம். போலீஸை வரவைக்கத் தெரிந்த கெட்டிக்காரர்கள் அல்லவா!

நான் சொன்னது சின்னப் பொய்தானா?

முதலில் இந்த 999 எப்படி வந்தது என்று பார்ப்போம். 1935 நவம்பரில் லண்டன் விம்போல் தெருவில் ஒரு வீடு தீப்பிடித்து, ஐந்து பெண்கள் இறந்துபோனார்கள். எதிர்வீட்டுக்காரர் தீயணைப்புக்குப் போன் செய்தார். ஆனால் தொலைபேசி நிலையத்தில் அவருடைய அழைப்பும் மற்ற சாதாரண அழைப்புகளோடு வரிசையில் காத்துக் கிடந்தது. எது அவசரம், எது ஊர்க்கதை என்று அங்கே வேலை செய்தவர்களுக்குத் தெரிய வழியில்லை. அவர் ஆத்திரத்தோடு பத்திரிகைக்குக் கடிதம் எழுதினார். விசாரணை நடந்தது. 1937 ஜூன் 30-ல் லண்டனில் 999 தொடங்கியது. அந்த எண்ணில் அழைத்தால் நிலையத்தில் சிவப்பு விளக்கு எரியும். வரிசையில் நிற்க நேரமில்லாதவனுக்காக உண்டான எண் அது.

நம் நாட்டில் 999-ஐ அழைத்தால் முதலில் எடுப்பவர் போலீஸ்காரர் அல்ல. அழைப்பு மையத்தில் இருப்பவர் போலீஸா, தீயணைப்பா, ஆம்புலன்ஸா என்று கேட்டு மாற்றிவிடுகிறார். பிறகுதான் எந்த வண்டி எங்கே இருக்கிறது என்று பார்த்து அனுப்புகிறார்கள். எங்கே நடக்கிறது, இப்போது நடக்கிறதா, ஆயுதம் உண்டா, யாருக்காவது அடிபட்டிருக்கிறதா என்று கேட்பது வேலையை இழுத்தடிக்க அல்ல, எந்த அழைப்புக்கு முதலில் போவது என்று முடிவு செய்ய. பிரிட்டனில் பல போலீஸ் படைகள் உயிராபத்து அழைப்புக்கு நகரத்தில் 15 நிமிடம், கிராமப்புறத்தில் 20 நிமிடம் என்று இலக்கு வைத்திருக்கின்றன. பணக்கார நாட்டிலேயே கிராமத்துக்காரனுக்கு ஐந்து நிமிடம் கூடத்தான் ஆகிறது. நம் உலு சிலாங்கூர் மாவட்டமோ 1,700 சதுர கிலோமீட்டருக்கு மேல். சிலாங்கூரிலேயே பெரியது. தோட்டம், காடு, மலைச்சாலை எல்லாம் இதற்குள் அடக்கம்.

மனுநீதிச் சோழன் வாசலில் ஆராய்ச்சி மணி கட்டினான், பசு வந்து அடித்தது, அரசன் வெளியே வந்தான். சின்ன வயசிலிருந்து கேட்ட கதை. ஆனால் ஒரே நேரத்தில் இரண்டு பசுக்கள் வந்திருந்தால்? கதையில் அது இல்லை. மாவட்டத்தில் ஒவ்வொரு ராத்திரியும் அது நடக்கிறது.

அதனால் நான் அன்று பொய் சொன்னது போலீஸிடம் இல்லை. அதே நேரத்தில் மணியடித்த இன்னொருவரின் இடத்தைத்தான் பிடுங்கினேன். அந்த வண்டி எந்த வீட்டுக்குப் போகாமல் எங்கள் தெருவுக்குத் திரும்பியது என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. 2022 டிசம்பர் 16-ஆம் தேதி இதே மாவட்டத்தில், பத்தாங்காலி முகாமில் மண் சரிந்து 31 பேர் இறந்ததும் இப்படி ஒரு நடுராத்திரியில்தான். அந்த மாதிரி ஒரு ராத்திரியில் நான் 'பாராங்' என்று சொல்லியிருந்தால் என்ற நினைப்பு வந்தால் இப்போதும் தூக்கம் கெடுகிறது.

இன்னொன்றும் இருக்கிறது. இது எனக்கு வெகு தாமதமாகத்தான் உறைத்தது. பாராங் என்று கேட்டதால்தான் அந்தப் போலீஸ்காரர் துப்பாக்கியில் கை வைத்து இறங்கினார். ஓடியவர்கள் யார்? நம் பையன்கள்தான். ஒருவன் பயத்தில் பாக்கெட்டுக்குள் கை விட்டிருந்தால்? கைப்பேசியை எடுக்கிறான் என்று இருட்டில் யாருக்குத் தெரியும்? குருக்ஷேத்திரத்தில் தருமர் அரைப்பொய் சொன்னதும் நாலு விரற்கடை உயரத்தில் நின்ற அவர் தேர் தரையைத் தொட்டது என்பார்கள். தேர் இறங்கியதைத்தான் நாம் பேசுகிறோம். அந்தச் சொல்லால் துரோணர் உயிர் போனதை அவ்வளவாகப் பேசுவதில்லை.

இதை இளைஞர் வகுப்பில் சொன்னபோது ஒரு தம்பி எழுந்தான். "அண்ணே, உண்மையைச் சொன்னா வர்றது லேட்டாகுது. பொய் சொல்றவனுக்கு வண்டி, நமக்குப் பொறுமையா?" நியாயமான கேள்வி. பொய்க்கு வண்டி வருகிற ஊரில் உண்மை பேசுகிறவன் ஏமாளி ஆகிறான், அதை மறுக்க முடியாது. ஆனால் எல்லாருமே பாராங் என்று சொன்னால், நிஜமாகவே பாராங்கோடு ஒருவன் நிற்கிற வீட்டிலிருந்து வரும் அழைப்பும் பத்தோடு பதினொன்றாகிவிடும்.

நம்மிடையே அதிகம் ஏமாறுகிறவர்கள் அந்தத் தம்பி மாதிரி வாயுள்ளவர்கள் அல்ல. மலாய் சரளமாக வராத தோட்டத்துப் பாட்டி, "சண்டை, சண்டை" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனை வைத்துவிடுகிற அக்கா. ஆபத்து நிஜம், சொல்லத் தெரியவில்லை. பலர் 999-க்கு முன்னால் அண்ணனுக்கும் தலைவருக்கும் போன் போட்டே அரை மணியைக் கழிக்கிறார்கள். அழைப்பை எடுப்பவர்களும் சத்தத்தை வைத்து மட்டும் ஆபத்தை எடை போடக்கூடாது, தமிழ் தெரிந்தவர் ஒருவராவது பக்கத்தில் இருக்க வேண்டும் என்று நாம் கேட்பது தப்பில்லை.

வகுப்பில் படிக்கிற ஒரு தங்கை போன மாதம் அப்படி ஓர் அக்காவின் கையிலிருந்து போனை வாங்கிப் பேசினாள். தெருப் பெயர், வீட்டு எண், கணவன் கதவை உதைத்துக்கொண்டிருக்கிறான், உள்ளே இரண்டு பிள்ளைகள். ஆயுதம் இருக்கிறதா என்று கேட்டார்கள். "நான் பார்க்கவில்லை" என்றாள். வண்டி வரும்வரை நாலு வீட்டுக்காரர்கள் விளக்கைப் போட்டுக்கொண்டு வாசலில் நின்றார்கள்.