கலைக்குப் பட்ட கடன்

கல்வியும் கலையும் நாமே ஈட்டிய உடைமைபோலத் தோன்றினும், அவை முன்னோரிடம் நாம் பெற்ற கடனே ஆகும். பின்வருவோரிடம் அவற்றைச் சேர்ப்பிக்கும்வரை அக்கடன் தீர்வதில்லை. இவ்வறத்தை உணர்ந்து ஒழுகியவருள் ஒருவர் உருசிய நடிகை மரியா உஸ்பென்ஸ்காயா.

1876ஆம் ஆண்டு துலா நகரில் பிறந்த அவர், முதலில் இசை பயின்று, பின்னர் மாஸ்கோ கலை அரங்கில் சேர்ந்து, அதன் நிறுவுநருள் ஒருவரான ஸ்தனிஸ்லாவ்ஸ்கியின் நெறியில் நடிப்புக் கற்றார். கைதட்டலை விழையாது பாத்திரத்தின் உள்ளத்தை நாடுவதும், சிறு வேடத்திற்கும் தலைமை வேடத்திற்கு நிகரான உழைப்பை நல்குவதும் அந்நெறியின் உயிர்நிலை. மெலிந்து சிறுத்த உருவினரான அம்மையார், துணை வேடங்களையே பெரிதும் ஏற்று அவ்வொழுங்கில் பழகினார்.

1923இல் மாஸ்கோ கலை அரங்கின் குழு அமெரிக்காவில் நாடகம் நிகழ்த்தியது. பயணம் முடிந்து குழுவினர் தாயகம் திரும்பியபோது அவர் நியூயார்க்கிலேயே தங்கிவிட்டார். அகவையோ ஐம்பதை நெருங்கியிருந்தது, சூழ்ந்திருந்ததோ அயன்மொழி. சொல்லைக் கருவியாகக் கொண்டு வாழ்வோர்க்குத் தாய்மொழி வழங்கும் அவையை இழப்பது பேரிழப்பாகும். அத்தகைய வேளையில் பழம்பெருமை பேசிப் பொழுது கழிப்பது எவர்க்கும் எளிது. அவரோ, மாஸ்கோ அரங்கில் உடன் பழகிய ரிச்சர்டு போலெஸ்லாவ்ஸ்கி நியூயார்க்கில் நிறுவிய நாடகப் பயிற்சிக்கூடத்தில் ஆசிரியப் பணியை மேற்கொண்டார்.

வசனம் ஒப்பிப்பதற்கு முன்னர் மனத்தை ஒருமுகப்படுத்தவே அங்கு மாணவர்க்குக் கற்பிக்கப்பட்டது. இல்லாத ஒரு கோப்பையைக் கையில் ஏந்தி, அதன் எடையும் சூடும் விரல்களுக்குப் புலப்படும்வரை பொறுத்திருத்தல் வேண்டும். புலப்படாததைப் புலப்பட்டதுபோலக் காட்டுவது குற்றமாகும். நடிப்பைப் பொய்த்தொழில் என்று இகழ்வோர், அது இத்துணை வாய்மையை வேண்டி நிற்பதை அறியார். தன்னை ஏமாற்றிக்கொள்ளாமையே எத்தொழிலுக்கும் முதற்பாடம். கண்டிப்பு மிக்க ஆசிரியர் ஒருவரே அதனைப் புகட்ட வல்லவர்.

அப்பயிற்சிக்கூடத்தில் கற்றவருள் லீ ஸ்ட்ராஸ்பர்க், ஸ்டெல்லா அட்லர், ஹெரால்டு கிளர்மன் ஆகியோர் தாமும் அமெரிக்க அரங்கின் ஆசான்களாயினர். கற்பிக்கும் முறையில் ஸ்ட்ராஸ்பர்க்கும் அட்லரும் பின்னாளில் கடுமையாக மாறுபட்டனர். எனினும் இருவரும் கற்பித்தலைக் கைவிடவில்லை. புகழ்பெற்ற திரைநடிகர் மார்லன் பிராண்டோ நடிப்புப் பயின்றது அட்லரிடமே. ஒருவர் விதைத்த ஒழுக்கம் அவர் நேரில் கற்பிக்காத தலைமுறையிலும் விளையும் என்பதற்கு இதனினும் சான்று வேண்டா.

1929இல் அம்மையார் தமக்கெனப் பள்ளி ஒன்றைத் தொடங்கினார். அப்பள்ளிக்கு நேர்ந்த பணமுடையே அவரைத் திரைப்படத்தின்பால் செலுத்தியது. 1936இல், அறுபதாம் அகவையில், ‘டாட்ஸ்வர்த்’ படத்தில் சிறிது நேரமே தோன்றும் முதுபெண்ணாக நடித்தார். அச்சிறு வேடமே அவரை ஆஸ்கர் விருதுக்கான பரிந்துரைப் பட்டியலில் சேர்த்தது. 1939இல் வெளிவந்த மற்றொரு படத்திற்காக அப்பட்டியலில் மீண்டும் இடம்பெற்றார். விருது இருமுறையும் பிறர்க்கே சென்றது. 1949இல் அவர் மறைந்தார்.

பரிசுகளைக் கொண்டு ஒரு வாழ்வை அளப்போர்க்கு இது குறைவுடையதாகத் தோன்றலாம். ஆயினும் பெற்றதைக் குறைவின்றிக் கொடுத்தவரின் வாழ்வே நிறைவாழ்வு. ஆதலின், கைவந்த கலையோ தொழிலோ எதுவாயினும், உடலில் வலிமை உள்ளபோதே ஒருவர்க்கேனும் அதனை ஒளிக்காது கற்பிப்பது கற்றவர் ஒவ்வொருவரின் கடமையாகும்.