நகர்வது எது?

தாராவியின் சந்துகளிலிருந்தோ செம்பூரின் அடுக்குமாடிகளிலிருந்தோ இரவு வானத்தை அண்ணாந்து பார்த்தால், விரல்விட்டு எண்ணக்கூடிய விண்மீன்களே தென்படும். மற்றவற்றை நகரத்தின் விளக்கொளி மறைத்துவிடுகிறது.

அத்தகைய விளக்கொளி இல்லாத இடம் லடாக்கிலுள்ள ஹான்லே. ஏறத்தாழ 4,500 மீட்டர் உயரத்திலுள்ள இப்பகுதி 2022-ஆம் ஆண்டு இருள்வானக் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. அங்குள்ள இந்திய வானியல் ஆய்வகத்தின் பொறுப்புப் பொறியாளர் தோர்ஜே ஆங்சுக், கடுங்குளிரில் பல இரவுகள் முயன்று எடுத்த ஒரு குறும்படம் 2025-இன் தொடக்கத்தில் வெளியாயிற்று. அதில் கதை ஏதுமில்லை. விண்மீன்கள் நின்ற இடத்திலேயே நிற்க, நிலம் மெல்லச் சாய்ந்து சுழல்கிறது. விண்மீன்களைப் பின்தொடர்ந்து திரும்பும்படி கேமராவை அமைத்ததால் விளைந்த காட்சி இது.

பூமி சுழல்வதை அறியாதவர் யார்? படகில் செல்பவனுக்குக் கரையிலுள்ளவை பின்னோக்கிச் செல்வதாகத் தோன்றும் உவமையால் ஆரியபட்டர் இதனை 1,500 ஆண்டுகளுக்கு முன்பே விளக்கினார். தாதர் நிலையத்தில் நமது ரயில் ஓசையின்றிப் புறப்படும்போது, பக்கத்து ரயில் பின்னால் போவதாகத் தோன்றுவதும் இதுவே. ஆயினும் அந்த அறிவு ஏட்டோடு நின்றுவிடுகிறது. மாதுங்காவில் அசையாமல் நிற்பதாக எண்ணுபவரும் பூமியோடு மணிக்கு ஏறத்தாழ 1,580 கி.மீ. வேகத்தில் கிழக்கு நோக்கிச் சென்றுகொண்டிருக்கிறார்!

வானத்தைப் பார்ப்பதில் மட்டுமா இந்த மயக்கம்? மும்பையில் முப்பது ஆண்டுகள் வாழ்ந்தவர் சொந்த ஊருக்குச் சென்று, 'ஊரே மாறிவிட்டது, உறவுகள் முன்போல் இல்லை' என்று வருந்துகிறார். அந்த முப்பது ஆண்டுகளில் தமது வயதும் வசதியும் விருப்பு வெறுப்புகளும் எவ்வளவு தூரம் நகர்ந்துள்ளன என்று அவர் எண்ணிப் பார்ப்பதில்லை. 'நான்' என்பதை அசையாத தரையாகக் கொண்டு, அதன்மேல் நின்றே நாம் பிறரை அளக்கிறோம்.

அப்படியானால் பிறரிடம் மாற்றமே இல்லையா? உண்டு. விண்மீன்களும் உண்மையில் நகர்பவையே. அவற்றின் நகர்வு நம் கண்ணுக்குப் புலப்படாத அளவு தொலைவில் அவை உள்ளன, அவ்வளவே. ஆதலால் குற்றமனைத்தையும் நம்மீது சுமத்திக்கொள்வதும் விவேகமாகாது. நம்முடைய நகர்வையும் கணக்கில் சேர்த்த பிறகே பிறரைப் பற்றித் தீர்ப்புக் கூற வேண்டும். நியாயம் கேட்பது இவ்வளவே.

இப்படத்தைப் பார்த்தவருக்கும் நாளை காலை சூரியன் எழுவதாகவே தோன்றும். தோற்றம் நீங்காது. ஆனால் அதனால் ஏமாறாமல் இருப்பது நம் கையில் உள்ளது.