பாவம் எந்தத் தேதியில் வரும்?

"செய்த பாவம் அவனைச் சும்மா விடாது" என்று ஆறுதல் சொல்கிறவர்களைக் கேட்கிறேன். இரவோடு இரவாக ஆலைக் கழிவை ஓடையில் திறந்துவிட்ட முதலாளியைப் பாவம் எந்தத் தேதியில் வந்து பிடிக்கும்? அதுவரை அந்தத் தண்ணீரைக் குடிக்கிற பிள்ளை என்ன செய்வது? தண்டனையை அடுத்த பிறவிக்குத் தள்ளிப்போட்டால் இந்தப் பிறவியில் லாபம் யாருக்கு?

கண்டியை அடுத்த பல்லேகலையில் முதலீட்டுச் சபையின் கைத்தொழில் பூங்கா இருக்கிறது. அருகே மகாவலி. அந்த ஆறு விக்டோரியா, ரந்தெனிகல, ரந்தம்பை அணைகளைக் கடந்து, மினிப்பே வயல்களுக்குப் பாய்ந்து, மூதூர்ப் பக்கம் கொட்டியாரக் குடாவில் கடலைத் தொடுகிறது. இங்கே வால்வைத் திறப்பவனுக்குக் கீழே தண்ணீர் மொள்பவனின் முகம் தெரியாது. தெரியாத முகத்துக்கும் நான் கடமைப்பட்டவன் என்று உணர்வதற்குக் கடவுள் எதற்கு? ஒரு வரைபடம் போதாதா?

நாம் ஆற்றைக் 'கங்கை' என்கிறோம். எசல பெரஹரா முடிந்ததும் கெட்டம்பேயில் வாளால் நீர் வெட்டிப் புனித நீர் எடுக்கிறார்கள். கண்டி நகரின் அழுக்கைக் காலங்காலமாகச் சுமந்துவந்த மெத எல ஓடை ஆற்றில் கலப்பதும் அதே கெட்டம்பேயில்தான். கும்பிட்ட கைக்கு அது உறுத்தவில்லை என்றால், கும்பிட்டதன் பொருள் என்ன?

சட்டம் இல்லாமலா? 1980ஆம் ஆண்டின் 47ஆம் இலக்கத் தேசிய சுற்றாடல் சட்டம் இருக்கிறது. 1988இல் வந்த திருத்தம் சுற்றாடல் பாதுகாப்பு உரிமத்தைக் கொண்டுவந்தது. 2008 வர்த்தமானி தொழில்களை மூன்று பட்டியலாகப் பிரித்து, அதிகம் மாசுபடுத்தக்கூடியவற்றுக்கு ஒரே ஓர் ஆண்டுதான் உரிமம் என்றது. ஏன் ஒரே ஆண்டு? கட்டணம் வசூலிக்கவா? "இன்னமும் தீங்கில்லாமல்தான் நடத்துகிறாயா?" என்று ஆண்டுதோறும் கேட்பதற்கு. நாமோ அதைச் சுவரில் மாட்டும் சாமிப்படம் ஆக்கிவிட்டோம். 'லைசன் புதுப்பிச்சாச்சா?' என்று கேட்கும் நிர்வாகி, 'தண்ணி எப்படிப் போகுது?' என்று கேட்பாரா?

அதே ஆண்டின் விதி, ஆற்றில் விடும் கழிவுநீரின் ஐந்து நாள் உயிர்வேதி ஒட்சிசன் தேவை லீற்றருக்கு 30 மில்லிகிராமைத் தாண்டக்கூடாது என்றது. அந்த எண் வெறும் கணக்கல்ல. தாண்டினால் கழிவைத் தின்னும் நுண்ணுயிர்கள் ஆற்றின் ஒட்சிசனையும் சேர்த்து உறிஞ்சிவிடும். மீன் மூச்சு முட்டிச் சாகும். தடுக்க வேண்டுமானால் சுத்திகரிப்புத் தொட்டிக்குள் இரவும் பகலும் காற்று ஊத வேண்டும். ஊதினால் கரண்ட் பில் ஏறும். மாதிரி எடுக்க அதிகாரி வருகிற நாளில் ஊதி, மற்ற நாள் நிறுத்தினால்? ஆய்வுகூட அறிக்கை அந்த ஒரு நாளைப் பற்றி மட்டுமே பேசும்.

பல்லேகல ஆலைகள் எல்லாம் இப்படித்தான் என்று நான் சொல்லவில்லை. இப்படிச் செய்ய இடமிருக்கிறது என்கிறேன்.

"கெடுபிடி செய்தால் ஆலை போய்விடும், வேலை போய்விடும்" என்பார்கள். வேலையா தண்ணீரா என்று தொழிலாளியை நிறுத்திக் கேட்பவர் யார்? கரண்ட் பில்லை மிச்சம் பிடித்தவர்தான். வெலிவேரிய, ரத்துபஸ்வலவில் 2013 ஆகஸ்ட் 1ஆம் தேதி நல்ல தண்ணீர் கேட்டுத் தெருவில் இறங்கிய மக்கள்மீது இராணுவம் சுட்டது. மூன்று பேர் செத்தார்கள். அவர்கள் கேட்டது சொர்க்கமா?

சுன்னாகத்தில் கிணறுகளில் எண்ணெய் மிதந்தது. அதற்காக உயர் நீதிமன்றப் படி ஏறியவர் ரவீந்திர காரியவசம் என்ற சிங்களவர். யாழ்ப்பாணத்தார் வீட்டுக் கிணறு தன்னுடையதல்ல என்று அவர் ஒதுங்கவில்லை. 2019 ஏப்ரலில் நீதிமன்றம் அந்த மாசுக்குப் பொறுப்பான மின் நிறுவனத்தை 2 கோடி ரூபாய் நட்டஈடு கட்டச் சொன்னது. எத்தனை வழிபாடு அந்தப் பணத்தைப் பெற்றுத் தந்திருக்கும்?

நீங்கள் பல்லேகலையில் வேலை பார்க்கிறவரா? இரசாயனப் பொறுப்பாளரா, ஷிப்ட் சூப்பர்வைசரா, புதுப்பிப்புப் படிவத்தில் ஒப்பமிடும் கிளார்க்கா? இன்று நைட் ஷிப்டில் இரண்டு மணிக்குத் தொட்டிப் பக்கம் நடந்து போய்ப் பாருங்கள். காற்றூதியின் சத்தம் கேட்கிறதா?