அந்த நன்மையை யார் அளப்பது?

வாய்மை அதிகாரத்தின் இரண்டாம் குறளை நடத்தும்போதெல்லாம் வகுப்பில் யாராவது ஒரு பிள்ளை எழுந்து, "அப்போ பொய் சொல்லலாமா டீச்சர்?" என்று கேட்டுவிடும். குற்றமற்ற நன்மை விளையுமென்றால் பொய்யையும் மெய்யோடு சேர்க்கலாம் என்கிறார் வள்ளுவர். சரி, அந்த நன்மையை அளப்பவர் யார்? பொய் சொன்னவரேவா? ஊர்சுலா குச்சின்ஸ்கியின் வாழ்க்கையைப் படித்ததிலிருந்து இந்தக் கேள்வி என்னை விடவில்லை.

1907இல் பெர்லினில் யூதக் குடும்பத்தில் பிறந்தவர் அவர். 'சோன்யா' என்ற பெயரில் சோவியத் ராணுவத்துக்காக உளவு பார்த்தார். போர்க்காலத்தில் ஆக்ஸ்போர்டு பக்கத்து அண்டை வீட்டாருக்கு அவர் பிள்ளைகளை வளர்த்துக்கொண்டு, கேக் சுட்டுக்கொண்டிருந்த குடும்பப் பெண். பிள்ளைகள் தூங்கிய பிறகு மாஸ்கோவுக்குச் சங்கேதச் செய்தி அனுப்புவார். அணுகுண்டு ஆய்வில் இருந்த கிளாஸ் ஃபுக்ஸைப் பான்பரி அருகே சந்தித்து, காதலர்கள்போலக் கைகோத்து நடந்தபடி ரகசியங்களை வாங்கினார். 1947இல் பிரிட்டிஷ் உளவுத்துறையான எம்ஐ5இன் அதிகாரிகள் கிரேட் ரோல்ரைட் கிராமத்து வீட்டுக்கே வந்து விசாரித்தும் வெறுங்கையோடுதான் திரும்பினார்கள்.

ஹிட்லரை எதிர்க்க அவர் சொன்ன பொய்களை நான் குறை சொல்லமாட்டேன். கொலைகாரனே வாசலில் நின்று கேட்டாலும் பொய் சொல்லக்கூடாது என்று 1797இல் வாதிட்ட தத்துவவாதி காண்ட்டை என்னால் ஏற்க முடியவில்லை. ஆனால் 1949இல் ஸ்டாலின் கைக்கும் அணுகுண்டு வந்தது. ஃபுக்ஸ் தந்த ரகசியங்களுக்கும் அதில் பங்குண்டு. அது நன்மைதானா என்று அடித்துச் சொல்ல யாராலும் முடியாது.

என் நெஞ்சில் தைப்பது இன்னும் சின்ன விஷயம். 1933இல் பயிற்சிக்காக மாஸ்கோ போனபோது, இரண்டு வயது மகன் மிக்கேலைச் செக்கோஸ்லோவாக்கியாவில் மாமனார் மாமியாரிடம் விட்டுப் போனார். கூட்டிப் போனால் குழந்தை ரஷ்யமொழி கற்றுக்கொள்ளும். பிறகு என்றாவது யார் முன்னாலாவது அதன் வாயிலிருந்து ஒரு ரஷ்யச் சொல் விழுந்தால் எல்லாம் அம்பலமாகிவிடும். பிள்ளையின் மழலைக்கே ஒரு தாய் பயப்பட வேண்டியிருந்தது! பகைவன் சந்தேகப்படுவான், சோதிப்பான். குழந்தைக்குச் சந்தேகப்படத் தெரியாது. அம்மா சொன்னால் அவ்வளவுதான்.

ஃபுக்ஸ் பிடிபட்டதும், 1950இல் சோன்யா சின்னப் பிள்ளைகள் இருவரோடு பெர்லினுக்குப் போய்விட்டார். மிக்கேல் அப்போதைக்குப் பிரிட்டனிலேயே தங்கினார்.

சோன்யாவைத் துரோகி என்று நான் சொல்லமாட்டேன். பாசிசத்தை எதிர்த்த பொய்யை மெய்யோடு சேர்க்கவும் எனக்குத் தயக்கமில்லை. மிக்கேலிடம் மறைத்ததை அப்படிச் சேர்க்கும் உரிமை எனக்கு இல்லை, சோன்யாவுக்கும் இல்லை. அது அந்த மகனுக்கு மட்டுமே உண்டு.