நாடாவுக்கு வெளியே வந்தவர்

1994இல் வந்த ‘ஸ்டார் டிரெக்: ஜெனரேஷன்ஸ்’ படத்தைப் பார்த்த பிறகு ஓர் ஐயம் என்னைப் பல நாள் குடைந்தது. அதை இங்கே சீடன் வாயில் வைத்திருக்கிறேன். குருவும் நான்தான், வேறு ஆள் அகப்படவில்லை.

சீடன்: குருவே, விண்வெளியில் ஓர் ஆற்றல் நாடா. 39.1 ஆண்டுக்கு ஒருமுறை நம் விண்மீன் மண்டலத்தின் வழியே வந்துபோகிறது. எதிர்ப்பட்ட கப்பலை நொறுக்கிவிடும். உள்ளே அகப்பட்டவனுக்கோ காலமே கிடையாது. மனம் கேட்டதெல்லாம் கிடைக்கும். நெக்ஸஸ் என்று அதற்குப் பேர். இயற்கையில் இப்படி ஒன்று உண்டா?

குரு: கிடையாது. ஈர்ப்பும் வேகமும் கடிகாரத்தை மாற்றும் என்பது மட்டும் மெய். ஜிபிஎஸ் செயற்கைக்கோளில் இருக்கும் கடிகாரம் தரையில் இருப்பதைவிட நாளுக்குச் சுமார் 38 மைக்ரோவிநாடி முந்துகிறது, திருத்திக்கொள்கிறார்கள். அடுத்ததைக் கேள்.

சீடன்: அதற்குள் போய்விடத் துடிக்கும் சோரன் என்பவன், நாடாவைத் தான் நிற்கும் கோளுக்குத் திருப்ப ஒரு சூரியனையே ராக்கெட் ஏவி அழிக்கப் பார்க்கிறான். பக்கத்துக் கோளில் 23 கோடிப் பேர். ஒரு கப்பலில் ஏறி நேரே நாடாவுக்குள் பாய்ந்திருக்கலாமே?

குரு: கப்பல் நொறுங்கும் என்று இப்போதுதானே சொன்னாய்?

சீடன்: அடிபட்ட கப்பலிலிருந்துதானே 2293இல் கேப்டன் கிர்க் உள்ளே போனார்?

குரு: அடுத்ததைக் கேள்.

சீடன்: இதுதான் என் தூக்கத்தைக் கெடுத்தது. 2371இல் கேப்டன் பிகார்டும் உள்ளே போகிறார். நாடாவுக்குள் தங்கிவிட்ட, கைனன் என்ற பெண்ணின் நிழல் அவரிடம், எந்த இடத்துக்கும் எந்தக் காலத்துக்கும் திரும்பிப் போகலாம் என்கிறாள். அவர் எங்கே போகிறார்? சோரன் ராக்கெட்டை ஏவுவதற்குச் சில நிமிடம் முன்னால்! துணைக்குக் கிர்க்கையும் கூட்டிக்கொண்டு ஓடுகிறார். அதே சோரன் சில நாள் முன்பு பிகார்டின் கப்பலிலேயே உட்கார்ந்து அவரோடு பேசினான். அப்போதே இரண்டு காவலரைக் கூப்பிட்டிருந்தால் போதும். கப்பலும் விழுந்திருக்காது, கிர்க்கும் செத்திருக்க மாட்டார். இன்னும் கொஞ்சம் முன்னால் போயிருந்தால், பிரான்சில் தீயில் மாண்ட அண்ணனையும் அண்ணன் மகன் ரெனேயையும் காப்பாற்றியிருக்கலாம். காலம் முழுவதும் கையில் இருக்க, கடைசிச் சில நிமிடத்தை எடுத்துக்கொள்பவர் என்ன மனிதர்? இது எழுதியவர்களின் வசதிதானே?

குரு: வசதிதான். ரொனால்ட் மூரும் பிரானன் பிராகாவும் உட்கார்ந்து எழுதிய திரைக்கதை. வசதி இல்லாமல் இருக்குமா? நீ தேர் பார்த்திருக்கிறாய் அல்லவா? வடத்தை ஆயிரம் பேர் இழுத்தாலும் தேர் நேரேதான் போகும். அதற்குத் திருப்பத் தெரியாது. சக்கரத்தடியில் முட்டுக்கட்டை போடுகிறவன்தான் வீதி முனையில் அதைத் திருப்புகிறான். காலத்தை வளைக்கும் இந்த ஆற்றல் எல்லாமே கதைக்கு முட்டுக்கட்டைதான். முனை வருமுன்பே கட்டையைப் போட்டால் தேர் யார் வீட்டுத் திண்ணைமேலாவது ஏறிவிடும். சோரனைக் கப்பலில் பேசிக்கொண்டிருந்தபோதே பிடித்துவிட்டால் படம் அங்கேயே முடிந்துவிடும்.

சீடன்: ஆனால் குருவே, கட்டை போடுகிறவன்...

குரு: இரு. அவன் மேல் தப்பு உண்டு, ஒத்துக்கொள்கிறேன். முட்டுக்கட்டைக்காரன் வாய் திறப்பதில்லை. கண்ணெல்லாம் சக்கரத்தில் இருக்கும். இங்கே அவன், ‘தேரை எந்த வீதிக்கு வேண்டுமானாலும் திருப்புவேன்’ என்று கைனன் வாயால் ஜம்பம் அடித்துவிட்டான். அந்த ஒரு வசனம் இல்லாவிட்டால் உனக்கு ஐயமே வந்திராது. கிர்க்கின் சாவிலும் அதே கைதான். முதலில் எடுத்த காட்சியில் சோரன் அவரை முதுகில் சுட்டான். முன்னோட்டம் பார்த்தவர்களுக்கு அது பிடிக்கவில்லை. கட்டையை உருவி வேறிடத்தில் போட்டு, பாலம் சரிந்து சாவதாகத் திரும்ப எடுத்தார்கள்.

ஆனாலும் அந்தக் கடைசிச் சில நிமிடம் சரியான இடம்தான். படம் இதைச் சொல்லவில்லை, நான் சொல்கிறேன். நாடாவுக்குள் பிகார்டுக்குக் கிடைத்தது என்ன? கிறிஸ்துமஸ் மரம், மனைவி, குழந்தைகள். நடுவே ரெனே, உயிரோடு. மரத்தில் தொங்கும் ஒரு கண்ணாடி உருண்டைக்குள் ஏதோ மினுங்குகிறது. அதைப் பார்த்ததும் எதுவும் மெய்யில்லை என்று அவருக்கு உறைக்கிறது. இப்போது அவர் தீப்பிடித்த நாளுக்குப் போகிறார் என்று வைத்துக்கொள். கண் திறந்தால் முன்னால் ரெனே, உயிரோடு. உள்ளே பார்த்ததும் அதுதானே? தான் வெளியே வந்துவிட்டோம் என்று எதை வைத்து நம்புவார்? கேட்டதெல்லாம் கொடுக்கிற இடத்திலிருந்து கேட்டதை வாங்கிக்கொண்டு புறப்படுகிறவன் வாசல் தாண்டினானா இல்லையா என்று அவனுக்கே தெரியாது.

நாடாவுக்குள் கிர்க் இதைக் குதிரைமேல் கண்டுபிடித்தார். ஓர் ஓடைப் பள்ளத்தைக் குதிரையோடு தாண்டுகிறார். முன்பு அதே பள்ளத்தை எத்தனையோ முறை தாண்டியவர். ஒவ்வொரு முறையும் நெஞ்சு பதறியிருக்கிறது. இந்த முறை பதறவில்லை. குதிரையைத் திருப்பி இன்னொரு தரம் தாண்டிப் பார்க்கிறார். ஒன்றுமே இல்லை. அங்கே விறகு பிளந்தது, முட்டை பொரித்தது, கிடைத்த வீடு, எல்லாம் அந்தக் கணத்தில் அவருக்குச் சப்பென்று போய்விடுகின்றன. கீழே விழ வழியே இல்லாவிட்டால் தாண்டுவதில் என்ன இருக்கிறது? ஆகவே வெளியே போகிறவனுக்கு ஒரே அடையாளம்தான்: போகிற இடத்தில் தோற்க இடம் இருக்க வேண்டும். பிகார்ட் போன இடமோ ஏற்கெனவே ஒருமுறை தோற்ற இடம். ராக்கெட் பறந்து, சூரியன் அணைந்து, எல்லாரும் மாண்ட அதே பாறை. அங்கே கேட்டது கிடைக்கும் என்று யாரும் உறுதி சொல்லவில்லை. 23 கோடி உயிரை வைத்துக்கொண்டு ஒருவர் தன் அடையாளத்தைத் தேடலாமா என்றால், அது வேறு வழக்கு. தேர் முனையில் நிற்கும்போது ஊர்க்கணக்குப் பார்க்க முடியாது.

வெளியே வந்ததற்கான விலையும் உடனே வந்து சேர்கிறது. கிர்க்கை ஒரு மலைமேல் புதைத்து, தன் கையாலேயே கல் அடுக்குகிறார் பிகார்ட். கடைசிக் கல்லின்மேல் இறந்தவரின் சின்னத்தை வைக்கிறார். பிறகு, தரையில் விழுந்து கிடக்கும் தன் கப்பலுக்குள் போய், சிதைந்த அறையில் குப்பையைக் கிளறுகிறார். மதிப்பு மிகுந்த தொல்பொருள் எதையும் அவர் தேடவில்லை. குடும்பப் படத் தொகுப்பு ஒன்று அகப்படுகிறது. அதற்குள் ரெனே, புகைப்படமாக.