நேச நாயனாருக்கு ஏன் சோதனை இல்லை?

பெரியபுராணச் சொற்பொழிவு கேட்கப் போனால் பூசலாருக்கு ஒரு மாலை முழுக்கக் கிடைக்கும். மனத்துக்குள்ளேயே கோயில் கட்டியவர். அரசர் காடவர்கோன் காஞ்சியில் கட்டிய கற்கோயிலின் குடமுழுக்கையே அவருக்காகச் சிவபெருமான் தள்ளிவைக்கச் சொன்னார். பேசுபவருக்கும் குரல் கம்மும், கேட்பவர்களுக்கும் கண் கலங்கும். அடுத்து மங்கையர்க்கரசியார். அவரை அடுத்து நேசர் வருவார். வந்த சுவடு தெரியாமல் போவார். கோச்செங்கட் சோழர் கதையில் சிலந்தியும் யானையும் வந்ததும்தான் கூட்டம் மறுபடி நிமிர்ந்து உட்காரும்.

பேச்சாளரைக் குறை சொல்ல மாட்டேன். சேக்கிழாரே நேசருக்குச் சில பாடல்களோடு நிறுத்திக்கொண்டார். காம்பீலியில் பிறந்த சாலியர். மனத்தைச் சிவனடிக்கும், வாக்கை ஐந்தெழுத்துக்கும், கைத்தொழிலை அடியார்களுக்கும் கொடுத்தார். உடையும் கீளும் கோவணமும் நெய்து, வந்த அடியார்களுக்கெல்லாம் தந்தார். சிவனடி சேர்ந்தார். கதை முடிந்தது. கிழவர் வேடத்தில் யாரும் வரவில்லை, எதுவும் காணாமல் போகவில்லை, இடபத்தின் மேல் காட்சி தரவில்லை.

நான் திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் செக்கிங்கில் இருக்கிறேன். கைமடி ஹெல்பராக உள்ளே போனவள். கண் நன்றாக இருக்கிறது என்று செக்கிங் டேபிளுக்கு மாற்றினார்கள். அறுபத்து மூவரில் துணி செய்கிறவர் யார் என்று தேடிப் பார்ப்பது எனக்கு இயல்புதானே. தேடினால் அமர்நீதியாரும் நேசரும் கிடைத்தார்கள். அமர்நீதியார் பழையாறை வணிகர். அவரிடம் ஒரு பிரமசாரி கோவணத்தை ஒப்படைத்துப் போய், அது மறைந்து, ஈடாகத் தராசில் சொத்தையெல்லாம் ஏற்றியும் தட்டு சமமாகாமல், கடைசியில் மனைவி மகனோடு அவரே ஏறி நின்ற கதை எல்லோருக்கும் தெரியும். துணி விற்றவருக்குத் தராசு வரை வந்த கடவுள், நெய்தவர் வீட்டு வாசலை மிதிக்கவே இல்லை. இது கொஞ்ச நாள் எனக்கு உறுத்தலாகத்தான் இருந்தது.

பிறகு மற்றவர்களின் சோதனைகளை ஒவ்வொன்றாக நினைத்துப் பார்த்தேன். திருக்குறிப்புத் தொண்டர் காஞ்சியில் அடியார்களின் துணி வெளுப்பவர். குளிரில் நடுங்கிக்கொண்டு மெலிந்த அடியார் ஒருவர் அழுக்குக் கந்தையோடு வருகிறார். பொழுது சாய்வதற்குள் திருப்பித் தந்துவிட வேண்டும் என்பது பேச்சு. துவைத்தாயிற்று, வானம் பொத்துக்கொண்டு ஊற்றுகிறது, துணி காயவில்லை. அந்த மனிதர் துவைக்கிற கல்லிலேயே தலையை மோதப் போகிறார். (இந்தத் தலை மோதலை மெச்ச எனக்கு மனம் வருவதில்லை. டெலிவரி தேதி தவறினால் உயிரை விடு என்று யாரும் இதைப் பிடித்துக்கொள்ளக் கூடாது.) ஆனால் அவர் ஏன் பதறினார்? வேலை கெட்டுப்போனது என்றா? இரவு முழுக்க ஒரு மெலிந்த உடம்பு போர்த்த ஒன்றுமில்லாமல் நடுங்குமே என்றுதான். இளையான்குடி மாறர் அன்று விதைத்த நெல்லை மழை இருட்டில் வாரிக்கொண்டு வந்ததும், வாசலில் ஒருவர் பசியோடு நின்றதால்.

ஆக, இந்தக் கதைகளில் கடவுள் சோதித்தது தொழில் திறமையையும் அல்ல, தொழில் மேல் உள்ள ஆசையையும் அல்ல. உன் வேலை போய்ச் சேர்கிற ஆளை நீ பார்க்கிறாயா என்றுதான் பார்த்திருக்கிறார். நேசர் தறியிலிருந்து அறுத்த துணியைத் தன் கையாலேயே கொடுத்தார். யார் இடுப்புக்கு எவ்வளவு நீளம் என்று அவருக்குத் தெரியும். தினமும் அந்தப் பரீட்சையை எழுதிக்கொண்டிருந்தவருக்குத் தனியாக எதற்கு ஒன்று? படித்த புலவர்கள் வேறு விளக்கம் சொல்வார்கள். செக்கிங் டேபிளில் உட்கார்ந்து யோசித்தவளின் விளக்கம் இது.

எங்கள் சிக்கல் இங்கேதான் தொடங்குகிறது. நேசருக்குத் தெரிந்த அந்த இடுப்பு எங்களுக்குத் தெரியாது. ஓவர்லாக் டைலர் தோள் மட்டும் அடிப்பார், பேட்லாக் டைலர் கை மடிப்பு மட்டும். இன்னொருவர் நாள் முழுக்க பிசிறு வெட்டுவார். என் கைக்கு வருவதை ஓட்டை, எண்ணெய்க் கறை, விட்டுப்போன தையல் என்று பார்த்து, பழுதான இடத்தில் அம்பு ஸ்டிக்கர் ஒட்டுவேன். சட்டை பெட்டியில் ஏறித் தூத்துக்குடிக்குப் போகும், கப்பலில் போகும். போடுகிறவர் எங்களுக்கு லேபிளில் உள்ள ஒரு அளவு மட்டும்தான். வேலையில் மனம் ஒட்டவில்லை என்று புதிதாக வரும் பிள்ளைகள் சொல்லும்போது, சோம்பேறித்தனம் என்று திட்டுகிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. யாருக்குச் செய்கிறோம் என்று தெரியாத வேலையில் மனம் எதைப் பிடித்துக்கொண்டு ஒட்டும்?

ஆயுத பூஜை அன்று மெஷின்களுக்குப் பொட்டு வைத்து, பொரி கடலை கொடுத்த பிறகு, பெரியவர்கள் யாராவது பேசுவார்கள். கடமையைச் செய், பலனை எதிர்பாராதே என்று கீதை வரும். சனிக்கிழமை சம்பளத்தை எண்ணிக்கொண்டு நிற்பவர்களிடம், சம்பளம் கொடுப்பவர் அதைச் சொல்வது எனக்கு ஒப்பாது. கண்ணன் அதைத் தன்னிடம் கூலிக்கு வேலை பார்த்தவனிடம் சொல்லவில்லை. தேர்த்தட்டில் உட்கார்ந்திருந்த நண்பனிடம், அவனுக்காகக் குதிரை ஓட்டிக்கொண்டு சொன்னான். இடம் மாறினால் அறிவுரை வேறு ஒன்றாகிவிடுகிறது. மூன்றாம் அத்தியாயத்தில் உலகத்தின் நன்மையை நினைத்தாவது செயல் செய் என்றும் வருகிறது. அந்தப் பகுதியை யாரும் பூஜையில் சொல்லிக் கேட்டதில்லை. பலன் எனக்கு வேண்டாம், சரி. அது யாருக்குப் போகிறது என்றும் கேட்கக் கூடாதா?

வேலையைப் பற்றிப் பேச உள்ளேயே போய்ப் பார்த்தவர் ஒருவர் உண்டு. சிமோன் வெய் என்று ஒரு பிரெஞ்சுப் பெண். தத்துவம் சொல்லிக்கொடுத்த டீச்சர். 1934 டிசம்பரில் தொழிற்சாலையில் தொழிலாளியாகச் சேர்ந்து 1935 ஆகஸ்ட் வரை வெவ்வேறு இடங்களில் மெஷின் ஓட்டினார். ரெனோ கார் கம்பெனியும் அதில் ஒன்று. வேலையின் மேன்மையைப் பற்றி முன்பே எழுதியவர், உள்ளே போன பிறகு வேகமும் பீஸ் ரேட்டும் யோசிக்கிற சக்தியையே தின்றுவிடுகின்றன என்று எழுதினார். பிற்காலத்தில் சமஸ்கிருதம் கற்றுக் கீதையும் படித்தார். அவரை நான் நம்புகிறேன், தூரத்தில் நின்று பார்த்துச் சொல்லவில்லை என்பதால். ஒன்றரை ஷிப்ட் முடித்துவிட்டு வருகிறவளிடம் வேலையின் அர்த்தம் பற்றிப் பேசினால், அவள் முதலில் கேட்பது கால் நீட்ட ஓர் இடம்தான். கூலியும் ஓய்வும் சரியாக இல்லாத இடத்தில் அர்த்தத்தைப் பேசுவது ஏமாற்று வேலை.

இருந்தாலும், லைனில் ஒரு நேரம் உண்டு. குழந்தைகள் சட்டை ஓடும்போது ஊசி உடைந்தால் மெஷின் நிற்க வேண்டும். உடைந்த துண்டுகளை எல்லாம் பொறுக்கி, பொருத்திப் பார்த்து, ரெஜிஸ்டரில் டேப் போட்டு ஒட்டினால்தான் புது ஊசி. முனை கிடைக்காவிட்டால் அந்த டேபிளில் இருந்த பீஸ் அத்தனையும் தனியே போகும். காந்தம் வைத்துத் தேடுவார்கள், மெட்டல் டிடெக்டரில் விடுவார்கள். டார்கெட் டார்கெட் என்று கத்துகிற சூப்பர்வைசரும் அப்போது குனிந்து தரையைத் தடவுவார். சட்டையை வாங்குகிற பையர் அபராதம் போடுவான் என்ற பயம் பாதி. மீதிப் பாதி, எங்கேயோ ஒரு குழந்தையின் கழுத்து. அந்தக் கொஞ்ச நேரத்துக்கு நாங்கள் எல்லோருமே காம்பீலிக்காரர்கள்.

என் பக்கத்தில் ஒடிசாவிலிருந்து வந்த பெண் ஒருத்தி இருக்கிறாள். தமிழ் தட்டுத்தடுமாறி வரும். அப்படித் தேடிக்கொண்டிருந்த ஒரு நாளில், “அக்கா, இது எத்தினி வயசு பாப்பாக்கு?” என்று கேட்டாள். ரெண்டு வயசு என்றேன். அதிலிருந்து அவள் ஒவ்வொரு பீஸிலும் கழுத்தின் உள்பக்கம் லேபிள் தைத்த இடத்தை விரலால் தடவிப் பார்க்கிறாள், நூல் முடிச்சு குத்துமா என்று. எதையெல்லாம் பார்க்க வேண்டும் என்று எங்களுக்குக் கொடுத்திருக்கிற சார்ட்டில் அப்படி ஒரு பாயிண்ட் கிடையாது. அவள் டேபிளில் பீஸ் குறைகிறது. “நீங்க சொன்னா கேப்பாளுங்க்கா, சொல்லி வைங்க” என்றார் சூப்பர்வைசர்.

சார்ட்டில் அந்தப் பாயிண்டையும் சேர்த்து, மணிக்கணக்கு பீஸைக் கொஞ்சம் குறைத்துத் தரச் சொல்லுங்கள், நானே எல்லோருக்கும் சொல்லித் தருகிறேன் என்றேன். அது மெர்ச்சன்டைசர் கையில் இருக்கிறது, கேட்டுப் பார்க்கிறேன் என்று போயிருக்கிறார்.